மேஜைமேல் நின்ற தீக்கோழி

எங்கள் வாசகசாலை பினாங்கு மார்க்கெட் ஸ்திரீட்டில் ஒரு ஜவுளிக்கடையின் மாடியில் இருந்தது. மாதத்தின் இரண்டாவது ஞாயிற்றுக்கிழமை மாலை நாலு மணிக்கு அங்கே சொற்பொழிவு நடக்கும். என் வீட்டுக்காரர் ரயில்வே படகுத்துறையில் கிளார்க், வாசகசாலைக்குக் காரியதரிசி. காரியதரிசியின் மனைவி என்ற முறையில் நானும் போவேன். பெண்களுக்காக ஒரு மூலையில் தட்டி மறைப்பு வைத்து பெஞ்சு போட்டிருந்தார்கள். அதில் பெரும்பாலும் மூன்று பேர் இருப்போம். ஒருத்தி தூங்குவாள்.

தலைவர் துபாஷ் ஐயா. கோர்ட்டில் தமிழ் சாட்சிகள் சொல்வதை வெள்ளைக்கார மாஜிஸ்திரேட்டுக்கு இங்கிலீஷில் எடுத்துச் சொல்லும் உத்தியோகம். சாட்சி “தெரியாதுங்க” என்று ஒரே வார்த்தை சொன்னால் துபாஷ் ஐயா மூன்று நிமிஷம் பேசுவார். சாட்சி பத்து நிமிஷம் அழுது புலம்பினால் “நோ, சார்” என்று முடித்துவிடுவார். கோர்ட்டுப் பக்கம் அப்படி ஒரு கேலி உண்டு. முப்பது வருஷம் அப்படிச் செய்தும் யாரும் அவரைக் கேள்வி கேட்டதில்லை. கேட்க வேண்டியவர்களுக்குத் தமிழ் தெரியாது. தெரிந்தவர்கள் கூண்டில் நின்றார்கள்.

அவர் ஒருநாள் ஜெர்மன் இலக்கியத்துக்கு வந்து சேர்ந்தார்.

1914-ல் தொடங்கிய பெரிய சண்டை முடிந்து பத்து வருஷம் போலிருக்கும். சண்டை தொடங்கியபோது பினாங்கில் இருந்த ஜெர்மன் வியாபாரிகளைப் பிடித்துக்கொண்டு போய், அவர்கள் வீட்டுச் சாமான்களை ஏலம் போட்டார்கள். அந்த ஏலத்தில் துபாஷ் ஐயா ஒரு மரப்பெட்டி நிறையப் புத்தகம் எடுத்திருந்தார். பத்து வருஷத்துக்கு மேல் அதைத் திறக்கவில்லை. பிறகு ஒரு ஜெர்மன்–இங்கிலீஷ் அகராதி எங்கிருந்தோ கிடைத்தது. உடனே, “இந்த ஆண்டு முழுவதும் ஜெர்மானிய நாடகம் பற்றி நானே பேசுகிறேன்” என்று அறிவித்துவிட்டார். கமிட்டியில் யாரும் மறுக்கவில்லை. ஜெர்மன் வேண்டாம் என்று சொல்வதற்கும் கொஞ்சம் ஜெர்மன் தெரிந்திருக்க வேண்டுமே.

முதல் கூட்டத்தில் அவர் புத்தகத்தைத் தூக்கிக் காட்டினார். பச்சைத் துணி அட்டை. அட்டையில் வட்டமாக ஒரு பழுப்புக் கறை. அந்தக் கறை என் கை தவறி வந்தது.

இதை அதுவரை நான் யாரிடமும் சொன்னதில்லை. வீட்டுக்காரரிடம்கூட, கல்யாணத்துக்கு முன்னால் ஒரு வெள்ளைக்காரர் வீட்டில் தையல் வேலை பார்த்தேன் என்று மட்டும்தான் சொல்லியிருந்தேன். எந்த ஊர் வெள்ளைக்காரர் என்று அவரும் கேட்கவில்லை.

நார்தாம் ரோட்டில் கடலைப் பார்த்த பங்களா அது. துரை ஜெர்மன் கம்பெனியில் கொப்பரையும் தகரமும் வாங்கி விற்பவர். துரைசாணிக்கு இருபத்துநாலு வயது. எனக்குப் பத்தொன்பது. திரைச்சீலை தைக்கத்தான் என்னை வைத்தார்கள். இரண்டு மாதத்தில் திரைச்சீலை முடிந்துவிட்டது. துரைசாணி என்னை அனுப்பவில்லை. அவளுக்கு நாடகம் வாசிக்க ஆள் வேண்டியிருந்தது. துரையிடம் வாசித்தால் இரண்டாவது பக்கத்தில் அவர் குறட்டை விடுவார். அதனால் எனக்கு ஜெர்மன் பாஷையும் எழுத்தும் கற்றுக்கொடுத்து எதிரே உட்கார வைத்துக்கொண்டாள். முதல் வருஷம் நான் வேலைக்காரி, வண்டிக்காரன் வேஷமெல்லாம் வாசித்தேன். மூன்றாவது வருஷம் காதலன் வேஷம் வந்தது. நாலாவது வருஷம் நான்தான் தகப்பன். குரலைக் கனமாக்கிக்கொண்டு அவளை அதட்டுவேன். அவள் கைகொட்டிச் சிரிப்பாள்.

அந்தப் பச்சைப் புத்தகத்தில் இருந்த நாடகம் சின்னக் கதை. ஒரு மாவு மில்காரருக்கு ஒரே மகள். தகப்பன் அவளை வயதான மரவியாபாரிக்குப் பேசி முடிக்கிறான். கல்யாணத்தன்று மகள் இடதுபக்கக் கதவு வழியாகப் பூங்கொத்துடன் வருகிறாள். அதை மேஜைமேல் வைக்கிறாள். யாரையும் பார்க்காமல் வலதுபக்கக் கதவு வழியாக வெளியே போய்விடுகிறாள். திரை. துரைசாணி அந்த இடத்தை ஒருநாளும் முழுசாக வாசித்ததில்லை. பாதியில் புத்தகத்தை மூடிவிடுவாள். இரண்டே இரண்டு தடவை பார்த்த ஒரு மனிதனைக் கட்டிக்கொள்ள, அவளும் கையில் பூவோடுதான் பினாங்கில் கப்பல் இறங்கியிருந்தாள்.

சண்டை வந்ததும் அவர்களைக் கொண்டுபோய்விட்டார்கள். போலீசில் என்னை மூன்று முறை கூப்பிட்டு விசாரித்தார்கள். “ஜெர்மன் தெரியுமா?” என்று கேட்டார்கள். “துணி தைக்கத் தெரியும்” என்றேன். அதன்பின் அந்தப் பாஷையில் நான் வாய் திறக்கவில்லை. டீச்சர் டிரெயினிங் போனேன், பெண்கள் பள்ளிக்கூடத்தில் வேலை கிடைத்தது, கோயிலில் கல்யாணம் நடந்தது. அப்படியே பத்து வருஷத்துக்கு மேல் ஓடிவிட்டது.

இப்போது துபாஷ் ஐயா அந்தப் புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு சொல்கிறார்:

“இதோ பாருங்கள், ஓரங்களில் பென்சிலால் ‘கே’ என்ற எழுத்து பதினொரு இடத்தில் குறித்திருக்கிறது. இதை எழுதியவர் ஒரு மகா பண்டிதராக இருக்க வேண்டும். ஜெர்மானியர் சமஸ்கிருதத்தில் மூழ்கியவர்கள் என்பது உலகம் அறிந்தது. ஆகவே ‘கே’ என்றால் கர்மம்.”

சபை “ஆகா” என்றது. ‘கே’ என்றால் காப்பி. அந்த இடத்தில் நிறுத்திக் காப்பி குடிக்கலாம் என்று துரைசாணி போட்ட குறி. காப்பிக்கு அவர்கள் பாஷையில் முதல் எழுத்து அதுதான். பதினொரு காப்பியும் பதினொரு கர்மமாகிவிட்டது. நான் இருமுவதுபோல் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டேன்.

அதைக்கூடத் தாங்கிக்கொண்டேன். கடைசிக் காட்சிக்கு வந்தபோது அவர் குரலைத் தாழ்த்தினார்.

“மணமகள் வருகிறாள். எதனுடன்? ‘ஷ்ட்ராவுஸ்’ என்று எழுதியிருக்கிறது. அகராதியைப் பார்த்தேன். எனக்கே மெய்சிலிர்த்தது. ஷ்ட்ராவுஸ் என்றால் தீக்கோழி!”

ஷ்ட்ராவுஸ் என்ற சொல்லுக்கு இரண்டு அர்த்தம் உண்டு. ஒன்று தீக்கோழி. இன்னொன்று பூங்கொத்து. எங்கள் துபாஷ் ஐயா தீக்கோழியைப் பிடித்துக்கொண்டார்.

முன்வரிசையில் இருந்த பெரிய வாத்தியார், தமிழ்ப் பள்ளிக்கூடத்துத் தலைமையாசிரியர், எழுந்து கேட்டார். “அத மேஜைமேல வைக்கிறான்னு சொன்னீங்களே ஐயா. தீக்கோழி ஆளு உயரம் இருக்குமே, எப்படி மேஜைமேல வைப்பா?”

“அங்கேதான் இருக்கிறது சூட்சுமம்!” என்றார் துபாஷ் ஐயா. “வைக்க முடியாததை வைக்கிறாள். தீ என்பது ஞானாக்கினி. மேஜை என்பது இந்த உலகம். ஞானத்தை உலகத்தின்மேல் ஏற்றிவிட்டு ஆத்மா வெளியேறுகிறது.”

ஜெர்மன் சொல்லில் தீயும் கிடையாது, கோழியும் கிடையாது. தீ, தமிழ்க்காரன் அந்தப் பறவைக்கு வைத்த பெயரில் இருக்கிறது. அதை ஜெர்மன் ஆசிரியர் தலையில் கட்டி, அவர் மனதில் இருந்த தத்துவம் இதுதான் என்று ஒரு மணி நேரம் பேசினார். கைதட்டல் கீழே ஜவுளிக்கடைவரை கேட்டிருக்கும்.

வீட்டுக்கு வந்ததும் எல்லாவற்றையும் வீட்டுக்காரரிடம் சொன்னேன். அவர் சட்டைப் பொத்தானைக் கழற்றிக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தார். பாதியில் கை நின்றுவிட்டது.

“நெசமாவா? உனக்கு ஜெர்மன் தெரியுமா?”

“தெரியும். அது பூங்கொத்துங்க. அவர்கிட்ட சொல்லிடுங்களேன்.”

“நானா? அவர் தலைவர் லா. முப்பது வருஷமா கோர்ட்டுல மொழிபெயர்க்கிறவர்கிட்ட போயி, உங்களுக்கு அர்த்தம் தெரியலைன்னு நான் சொல்றதா? சும்மா இரு. ரெண்டு மாசத்துல அவரே மறந்துருவாரு.”

அவர் மறக்கவில்லை. அடுத்த மாதம் பெரிய வாத்தியார் மறுப்புரை கொண்டுவந்தார். தீ முக்கியமல்ல, கோழிதான் முக்கியம்; கோழி என்றால் முருகன் கொடி; ஆகவே அந்த ஆசிரியர் உள்ளுக்குள் முருக பக்தர் என்பது அவர் கட்சி. அதற்கு அடுத்த மாதம் துபாஷ் ஐயா பதிலுரை. வாசகசாலை தீக்கட்சி, கோழிக்கட்சி என்று இரண்டாகப் பிரிந்தது. புக்கிட் மெர்தாஜாமிலிருந்தெல்லாம் ரயிலேறிப் படகு பிடித்துக் கேட்க வந்தார்கள். பெண்கள் பெஞ்சில் தூங்குகிறவள்கூட விழித்துக்கொண்டாள். நாடகத்தில் ஒரு பெண் வாழ்க்கையைத் தூக்கிப் போட்டுவிட்டுப் போகிறாளே, அவளைப் பற்றி நாலு மாதமும் ஒருவரும் ஒரு வார்த்தை பேசவில்லை.

நானும்தான் பேசவில்லை. போலீஸ் பயம் பாதி என்று சொல்லிக்கொள்ளலாம். மீதிப் பாதியை ஒப்புக்கொள்ள வெட்கமாக இருக்கிறது: எனக்கு அது வேடிக்கையாக இருந்தது. அத்தனை பெரிய மனிதர்கள் நடுவில் ஒருத்திக்கு மட்டும் விஷயம் தெரியும் என்பதில் ஒரு ருசி இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை எப்போது வரும் என்று காத்திருந்தேன்.

ஆண்டு விழாவுக்கு அந்த நாடகத்தையே தமிழில் போடுவதென்று முடிவு செய்தார்கள். தீக்கோழி செய்துவாங்கும் பொறுப்பு காரியதரிசிக்கு. செத்தவர்களுக்கு எரிக்கக் காகித வீடு, காகிதக் குதிரை செய்யும் ஒரு சீனக் கிழவரிடம் என் வீட்டுக்காரர் படம் ஒன்றை எடுத்துக்கொண்டு போனார். திரும்பி வந்து சொன்னார்:

“படத்தப் பாத்துட்டு ‘சியாப்பா மாத்தி?’ன்னு கேக்குறாரு. யார் செத்தான்னு! யாரும் சாகல, இது நாடகத்துக்கு, கல்யாணப் பொண்ணு இதோட வருவான்னேன். என்னை மேலயும் கீழயும் பாத்தாரு. ‘காவின் பாவா பூஙா லா’ங்கிறாரு.”

கல்யாணத்துக்குப் பூ கொண்டுபோக வேண்டியதுதானே என்று மலாயில் கேட்டிருக்கிறார். ஜெர்மன் ஒரு எழுத்துத் தெரியாத அந்த மனிதர் நாலு மாத ஆராய்ச்சியை மூங்கில் சீவிக்கொண்டே முடித்துவிட்டார்.

அன்றைக்குத்தான் எனக்கு வேடிக்கை விட்டுப்போனது. துரைசாணி புத்தகத்தை மூடின இடத்தில் காகிதப் பறவை வந்து நிற்கப்போகிறது, ஊர் பார்த்துச் சிரிக்கப்போகிறது என்று நினைத்தபோது சோறு இறங்கவில்லை. மறுநாள் பள்ளிக்கூடம் விட்டதும் நேராகத் துபாஷ் ஐயா வீட்டுக்குப் போனேன். அவர் மேஜையில் அகராதி திறந்து கிடந்தது.

“வாங்க டீச்சரம்மா. என்ன விஷயம்?”

“ஐயா, ஷ்ட்ராவுஸ் அந்த இடத்துல தீக்கோழி இல்லீங்க. பூங்கொத்து.”

அவர் திடுக்கிடவில்லை. அகராதியை என் பக்கம் திருப்பி ஒரு வரியில் விரலை வைத்தார். தீக்கோழிக்கு அடுத்து, அதே வரியில், பூங்கொத்து இருந்தது.

“தெரியும்மா. ரெண்டாவது அர்த்தம். மொத நாளே பாத்துட்டேன்.”

நான் அந்த வரியை இரண்டு தடவை வாசித்தேன்.

“பூங்கொத்துன்னு வச்சுக்குங்க,” என்றார். கோபமில்லை; பிள்ளைக்குப் பாடம் சொல்லுகிற குரல். “கல்யாணப் பொண்ணு பூவோட வந்தா. எல்லாருக்கும் புரிஞ்சிரும். எந்திரிச்சு வீட்டுக்குப் போயிருவாங்க. அத வச்சு நாலு கூட்டம் போட முடியுமா? புரியாத இடத்துலதாம்மா ஆராய்ச்சிக்கு வேல.”

“அந்த ‘கே’ கர்மம் இல்லீங்க. காப்பி.”

இப்போதுதான் அவர் முகம் மாறியது. “அது உங்களுக்கு எப்படித் தெரியும்?”

“அந்தப் புஸ்தகத்த வாசிக்கிறப்போ நான் எதிர்ல உக்காந்திருந்தேன்.”

அகராதியை மூடி வைத்தார். பிறகு கோர்ட்டுக் குரல் வந்தது. “அப்ப சண்டை நேரத்துல நீங்க அந்த வீட்டுலயா இருந்தீங்க? அரசாங்கத்துக்கு இது தெரியுமா? இப்ப நீங்க சின்னப் பிள்ளைங்களுக்குப் பாடம் நடத்துறீங்க, இல்லையா?”

அதற்குமேல் ஒரு வார்த்தையும் அவர் சொல்லவில்லை. எனக்கும் தேவைப்படவில்லை. வணக்கம் சொல்லிவிட்டு வந்தேன். ரிக்‌ஷாவில் வீடு வந்து சேரும்வரை மனதுக்குள் அவருக்குப் பதில் சொல்லிக்கொண்டே வந்தேன். அதில் பயம் எவ்வளவு, கோபம் எவ்வளவு என்று என்னால் பிரித்துச் சொல்ல முடியாது.

விழாவுக்கு ஒரு மண்டபத்தை எடுத்திருந்தார்கள். சண்டைக்குப் பிறகு பினாங்குக்கு மறுபடி வந்திருந்த ஒரு ஜெர்மன் கம்பெனி மானேஜரைத் துபாஷ் ஐயா தலைமை விருந்தினராக அழைத்திருந்தார். ஒல்லியான, சாதுவான மனிதர். கழுத்தில் மாலையோடு முன்வரிசையில் வியர்த்துக்கொண்டிருந்தார். முதல் இரண்டு காட்சிகளிலும் அவருக்கு என்ன புரிந்ததோ, தலையை ஆட்டிக்கொண்டே இருந்தார்.

கடைசிக் காட்சி. கல்யாணப் பெண் வேஷம் போட்டவன் தபால் ஆபீஸ் ஊழியன். அன்று காலையில்தான் மீசையை எடுத்திருந்தான். இடதுபக்கக் கதவில் முதலில் ஒரு நீளக் கழுத்து நுழைந்தது. பிறகு உடம்பு சிக்கிக்கொண்டது. உள்ளிருந்து யாரோ தள்ள, பறவையும் மணப்பெண்ணும் சேர்ந்து மேடையில் வந்து விழுந்தார்கள். கிழவர் அதை வாத்துபோல் குட்டைக் காலோடு செய்திருந்தார். உடம்பு முழுக்கக் கோழி இறகு. தபால்காரன் எழுந்து அதை மேஜைமேல் ஏற்றினான். அது ஒருபக்கமாகச் சாய்ந்தது. மில்கார அப்பா வேஷக்காரர் நாடகத்தை மறந்து ஓடிப்போய்ப் பிடித்துக்கொண்டார். மணப்பெண் வெளியே போனபோது அவளை யாரும் பார்க்கவில்லை. எல்லார் கண்ணும் பறவைமேல்.

மண்டபம் கைதட்டலில் அதிர்ந்தது. துபாஷ் ஐயா மேடைக்கு ஏறி, விருந்தினரைக் கையைப் பிடித்து ஏற்றினார். அந்த மனிதர் தடுமாறிப் போயிருந்தார். இங்கிலீஷ்கூட மறந்துவிட்டது போலிருக்கிறது, ஜெர்மனிலேயே சொன்னார்: “எங்கள் நாட்டில்கூட இப்படி ஒன்றை நான் பார்த்ததில்லை. அந்தப் பறவை எதற்கு?”

துபாஷ் ஐயாவுக்கு ஒரு சொல்லும் புரியவில்லை. ஆனாலும் முப்பது வருஷப் பழக்கம் விடுமா? சபையைப் பார்த்துத் திரும்பினார்.

“துரை அவர்கள் சொல்கிறார்கள்: ஜெர்மன் தேசத்தில்கூட இப்படி ஒரு நாடகத்தைத் தாம் கண்டதில்லையாம்!”

வாழ்நாளில் அவர் இவ்வளவு சரியாக ஒன்றை மொழிபெயர்த்திருக்கமாட்டார். சபை மறுபடி தட்டியது. மானேஜர் பரிதாபமாக அங்குமிங்கும் பார்த்தார். “யாராவது சொல்லுங்களேன், அந்தப் பறவை எதற்கு?” என்று மறுபடி கேட்டார்.

நான் எழுந்து நின்றுவிட்டேன். யோசித்து எழுந்ததல்ல. எழுந்த பிறகு உட்கார வெட்கமாக இருந்தது, அதனால் நடந்து மேடைவரை போனேன். பதினாலு வருஷத்துக்குப் பிறகு வாயில் அந்தப் பாஷை வந்தது. “ஐயா, அது ஷ்ட்ராவுஸ். பூங்கொத்து. அகராதியில் இரண்டு அர்த்தம் இருந்தது. எங்கள் தலைவர் முதல் அர்த்தத்தை எடுத்துக்கொண்டார்.”

மானேஜர் என்னைப் பார்த்தார். மேஜையைப் பார்த்தார். மெல்ல அவர் தோள் குலுங்கத் தொடங்கியது. கைக்குட்டையை எடுத்து முகத்தை மூடிக்கொண்டார். கண்ணீர் வழிந்தது. சிரிப்பை அடக்க அவர் பட்ட பாட்டில் நாற்காலியைப் பிடித்துக்கொள்ள வேண்டியிருந்தது.

துபாஷ் ஐயா ஒருகணம்தான் திகைத்தார். அப்புறம் கையை உயர்த்திச் சபையை அமைதிப்படுத்தினார்.

“பாருங்கள்! தம் தாய்நாட்டுத் தத்துவத்தைக் கண்டு துரை அவர்கள் கண்ணீர் விடுகிறார்கள்!”

பெரிய வாத்தியாரும் கண்ணைத் துடைத்துக்கொண்டார். நான் சொன்னதைத் தமிழில் சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் நாதஸ்வரம் தொடங்கிவிட்டது.

போலீஸ் வரவில்லை. பள்ளிக்கூடத்தில் யாரும் ஒன்றும் கேட்கவில்லை. நான் பத்து வருஷத்துக்கு மேல் பயந்த விஷயத்தைப் பற்றி ஊருக்கு அக்கறையே இல்லை என்பது கொஞ்சம் அவமானமாகக்கூட இருந்தது. “காரியதரிசி சம்சாரம் துரைகிட்ட துரை பாஷை பேசுச்சு” என்று ஒரு வாரம் பேசிக்கொண்டார்கள், அவ்வளவுதான். வீட்டுக்காரர் மட்டும் இரண்டு நாள் என்னை ஒரு மாதிரி மரியாதையோடு பார்த்தார். மூன்றாம் நாள் பழையபடி, “அந்தத் துண்டு எங்க லா?” என்று கேட்டார்.

ஒரு மாதம் கழித்துத் துபாஷ் ஐயா எங்கள் வீட்டுக்கு வந்தார். கக்கத்தில் அந்த ஏலப் பெட்டியின் இன்னொரு புத்தகம். பழையதைப் பற்றி இருவரும் பேசவில்லை.

“டீச்சரம்மா, அடுத்த வருஷத்துக்கு இத எடுக்கலாம்னு இருக்கேன். கவிதை மாதிரி தெரியுது. சின்னச் சின்னதாப் பிரிச்சுப் பிரிச்சு நம்பர் போட்டிருக்கு.”

வாங்கிப் பார்த்தேன். “ஐயா, இது தேனீ வளர்க்கிற புஸ்தகம். பெட்டி எப்படிச் செய்யுறது, எங்க வைக்கிறதுன்னு இருக்கு.”

“தேனீயா...” என்றார். ஏமாந்துபோவார் என்று நினைத்தேன். மெல்ல முகம் மலர்ந்தது. “தேனீ. ஜீவாத்மாக்கள். ரொம்ப நல்லா இருக்கும்மா. வரி வரியா அர்த்தம் மட்டும் எழுதிக் கொடுங்க. மிச்சத்த நான் பாத்துக்குறேன்.”

எழுதிக் கொடுத்தேன். ஏன் என்று வீட்டுக்காரர் கேட்டார். அந்தப் பாஷையை யாரோ ஒருவருக்காவது பயன்படுத்த ஆசையாக இருந்தது என்றேன். வியாழக்கிழமைதோறும் இரண்டு பக்கம். அந்த வருஷம் அவர் பேச்சில் ஜீவாத்மா, பரமாத்மா எல்லாம் வழக்கம்போல் பறந்தன. நடுநடுவே, என் கைங்கரியத்தால், கொஞ்சம் உண்மையும் இருந்தது. புத்தகமாக அச்சிட்டபோது முன்னுரையில் அச்சகத்தாருக்கும் காகிதக்கடைக்காரருக்கும் நன்றி சொல்லியிருந்தார்.

மழைக்காலத்தில் ஒருநாள் மாலை பாலிக் புலாவிலிருந்து ஒருவர் வந்தார். ஜாதிக்காய்த் தோட்டத்தில் கங்காணி. நாலைந்து கூட்டத்தில் பின்வரிசையில் பார்த்திருக்கிறேன். குடையை வாசலில் சாத்திவிட்டு நின்றுகொண்டே பேசினார்.

“அக்கா, துபாஷ் ஐயா பேச்சக் கேட்டு மூணு பெட்டி செஞ்சு வச்சேன். நல்லாத்தான் வந்து அடைஞ்சுச்சு. மழை புடிச்சதும் ஓடிப்போச்சு. ஐயாகிட்டக் கேட்டா, ஆத்மா கூட்ட விட்டுப் போறது இயற்கைங்கிறாரு. எனக்குத் தேன் வேணும்க்கா. உங்களுக்கு அந்தப் பாஷை தெரியும்னாங்க. புஸ்தகத்துல என்ன போட்டிருக்கு?”

உள்ளே போய் என் நோட்டை எடுத்து வந்து பார்த்தேன். பெட்டி தரையில் படக்கூடாது, முழங்கால் உயரத்தில் கால் நாட்டி வைக்க வேண்டும், வாசல் சாரல் அடிக்காத பக்கம் பார்த்திருக்க வேண்டும் என்று இருந்தது. சொன்னேன். அவர் ஒரு துண்டுக் காகிதத்தில் எழுதிக்கொண்டார். எழுதியதை ஒருமுறை வாசித்துக் காட்டி, சரிதானா என்று என்னிடம் கேட்டார். சரி என்றேன். பஸ் போய்விடும் என்று சொல்லிக் குடையை எடுத்துக்கொண்டு கிளம்பினார்.